உட்சுருளலும் ஒளிமாற்றியும்

ஒரு மொழிச் சொல்லை மற்றொரு மொழியிற் பெயர்க்கப் புகுவார் முதற்கண் ஆராயத்தக்கது சொல்லா, பொருளா? பொருளே என்பதில் ஐயமில்லை. பொருளை விடுத்துச் சொல்லை மட்டும் பற்றிக்கொள்வார் படும் இடர்ப்பாட்டிற்கு, ஆங்கிலர் வழங்கும் ‘இன்வொலூசன்’ என்னும் சொல் தக்கதோர் எடுத்துக்காட்டாகும்.

இலத்தீனத்தில் ‘வொல்வெரே’ என்பது உருட்டுதல், சுருட்டுதல் என்னும் பொருளது. சுருள் வெளிநோக்கி விரிவது ‘எவொலூசன்’; தமிழிற் படிமலர்ச்சி எனப்படுவது அதுவே. உள்நோக்கிச் சுருள்வது ‘இன்வொலூசன்’. வேர் ஒன்றே, ஆயினும் புகுந்த துறைதோறும் அது வெவ்வேறு பொருள் பூண்டுள்ளது.

கணக்கியலார்க்கு, இருமுறை செய்தால் தொடங்கிய இடத்திற்கே மீளும் செயல் அது. ஓர் எண்ணின் குறியை மாற்றி, மீண்டும் ஒருமுறை மாற்றினால் பழைய எண்ணே வருமன்றோ? மருத்துவர்க்கு, மகப்பேற்றின்போது ஏறத்தாழ 1,000 கிராம் எடையுள்ள கருப்பை, ஆறு கிழமைகளில் 100 கிராமோ அதனினும் குறைவோ ஆகித் தன் பழைய நிலை எய்துவது. கருவியலார்க்கு, வளரும் கருவின் புறத்தேயுள்ள உயிரணுக்கள் உள்ளே புரண்டு புகுவது. இவற்றுள் எதுவும் கேடன்று. தாய் நலம்பெறுவதும் சேய் உருப்பெறுவதும் இவற்றாலேயே.

குமுகாய ஆய்விலோ இச்சொல் துயரின் பெயராயிற்று. 1936இல் கோல்டன்வைசர் என்பார், மாவோரியரின் அழகுவேலையைச் சுட்டி, புதுவடிவம் காணாது பழைய சில வடிவங்களையே மேன்மேலும் நுணுக்கிச் செல்லும் போக்கிற்கு இதனை ஆண்டார். 1963இல் கிளிபோர்டு கீர்ட்சு இதனைச் சாவாத் தீவின் உழவிற்குப் பொருத்தினார். ஒல்லாந்தர் 1830 முதல் அங்கே கட்டாயப் பயிர்முறையைப் புகுத்தினர். உழவரின் நீர்வளமிக்க நெல்வயலிலேயே ஆட்சியாளர்க்குரிய கரும்பும் விளைந்தது. மக்கள்தொகை பெருகப் பெருக, அதே வயலில் மேலும் பல கைகள் இறங்கின. வயலின் விளைச்சல் கூடிற்று; ஆளுக்குரிய பங்கு கூடவில்லை என்றார் கீர்ட்சு. அவர் கூற்றைப் பின்வந்தோர் பலர் மறுத்துள்ளனர்; ஆயினும் அவர் ஆண்ட சொல் நிலைத்துவிட்டது. 1985இல் பிலிப்பு உவாங்கு வடசீன உழவரைப் பற்றிய தம் நூலில் அதே சிக்கலை ஆராய்ந்தார்.

இங்கே எண்ணத்தக்கது சீனர் செய்த செயல். அவர்கள் ஆங்கிலச் சொல்லை அப்படியே விழுங்கவில்லை. ‘உள்’ எனவும் ‘சுருள்’ எனவும் பொருள்படும் தம் சொற்களிரண்டை இணைத்து ‘நெய்சுவான்’ என்றனர். நூலகத்தில் இருந்த அச்சொல் 2020இல் தெருவிற்கு வந்தது. மிதிவண்டி ஓட்டிக்கொண்டே மடிக்கணினியைத் திறந்துவைத்திருந்த ஒரு மாணவரின் படம் அந்நாட்டில் எங்கும் பரவிற்று. எல்லாரும் விழித்திருந்து படித்தால் எவர்க்கும் பயனில்லை. ஆனால் உறங்கியவர் மட்டும் தோற்பர். இந்நிலையை மாணவரும் தொழிலாளரும் அச்சொல்லாற் சுட்டினர். 2024 சூலையில் ஆளுங்கட்சியின் அரசியற் குழுவே, தொழில்துறையில் ‘உட்சுருள்’ போட்டியைத் தடுக்க வேண்டும் என்று கூற நேர்ந்தது. தம் வேரில் முளைத்த சொல்லாதலின் அது மக்கள் நாவில் ஏறிற்று. ஏறவே, அரசும் அதைப் பேசாதிருக்க முடியவில்லை.

ஆயின், சொல் பரவியதும் எல்லாவற்றையும் அதனுள் அடக்கும் பிழையும் உடன் வந்தது. சீனத்தில் ஒளிமாற்றி செய்யும் தொழிலையும் உட்சுருளல் என்பாருளர். அது முற்றும் உண்மையா?

ஒளிமாற்றி என்பது விரலளவேயான சிறு கருவி. மின்குறியைச் சீரொளியாக்கி ஒளியிழையுட் செலுத்துவதும், மறுமுனையில் வந்த ஒளியை மீண்டும் மின்குறியாக்குவதும் அதன் பணி. கண்ணாடி இழைவழிச் செய்தி நெடுந்தொலைவு செல்லக்கூடும் என்று, சாங்காயிற் பிறந்த சார்லசு காவோ 1966இல் உடன் ஆய்வாளரோடு எழுதிக் காட்டினார். 2009இல் நோபல் பரிசு பெற்றார். 1990களின் இடையில் இக்கருவி நொடிக்கு 100 கோடிக் குறிகளை அனுப்பிற்று. இன்று 1,60,000 கோடியை எட்டியுள்ளது. 10,000 கோடிக் குறிகளுக்கு முதலில் 82 மில்லிமீட்டர் அகலமுள்ள பெட்டி வேண்டியிருந்தது. பின்னர் 18 மில்லிமீட்டர் அகலமே போதியதாயிற்று. ஒளி உண்டு, இல்லை என்னும் இருநிலையே முன்பு குறியாக இருந்தது. பின்னர் ஒளியின் அளவை நான்கு படிகளாகப் பகுத்து, ஒரு துடிப்பிலேயே இரு குறிகளை ஏற்றினர். முப்பதாண்டுகளில் 1,600 மடங்கு! இது சுருளலன்று, மலர்ச்சி.

எனவே விலை வீழ்ந்தது என்பதொன்றே உட்சுருளலுக்குச் சான்றாகாது. எதனால் வீழ்ந்தது என்று வினவல் வேண்டும். புத்தறிவால் வீழ்ந்ததாயின் அது வளர்ச்சி. ஒரே கருவியைப் பத்துப்பேர் செய்து, ஒருவரையொருவர் வீழ்த்தும் பொருட்டுத் தொழிலாளியின் இரவை நீட்டி, கூலியைக் குறுக்கி, ஆய்ந்து பாராமல் விற்றதால் வீழ்ந்ததாயின் அதுவே உட்சுருளல். உழைப்புக் கூடியபோது உழைப்பவனின் பங்கும் அறிவும் கூடினவா? இதுவே உரைகல்.

இனித் தமிழுக்கு வருவோம். ஓர் ஆங்கிலச் சொல்லுக்கு ஒரே தமிழ்ச்சொல் என வரிசைப்படுத்துவது அகரமுதலிக்கு எளிது; அறிவுக்கு உதவாது. கணக்கிற்குத் தன்மீளல், கருப்பைக்கு மீள்சுருக்கம், கருவிற்கு உட்புரளல், குமுகாயத்திற்கு உட்சுருளல் எனப் பொருள்தோறும் பிரித்து வழங்குதல் தகும். நலம்பெறும் தாயுடலுக்கும் நலிவுறும் தொழிலாளிக்கும் ஒரே பெயரிடுவது மொழியாக்கமன்று, மயக்கமே.

தனித்தமிழன்பர் தம்மையும் இவ்வுரைகல்லில் உரைத்துப் பார்த்தல் வேண்டும். ஒரே பொருளுக்குப் பத்துச் சொற்களைப் புனைந்து, எது சிறந்ததெனத் தமக்குள் வழக்காடி, ஒன்றையும் வகுப்பறைக்கோ பட்டறைக்கோ கொண்டுசெல்லாது விடுவதும் உட்சுருளலே. சொல்லைப் படைப்பதோடு பணி முடிவதில்லை. அதைத் தொழிலாளி தன் துயரைக் கூறவும், மாணவன் தன் பாடத்தை உணரவும் எடுத்தாளும் நாளே, தமிழ் விரிந்து மலரும் நாளாகும்.