முதல் மெசேஜ் அவர் அனுப்பலாம்... கேட் சாவி யாரிடம்?

சென்னை ஓ.எம்.ஆரில் வேலை, வேளச்சேரியில் லேடீஸ் ஹாஸ்டல். இப்படி வாழும் பெண்கள் துணை தேட நம்புவது போனைத்தான். 2018 டிசம்பரில் இந்தியாவுக்கு வந்த 'பம்பிள்' செயலி, ஆண்-பெண் மேட்ச் ஆனால் முதல் மெசேஜைப் பெண்தான் அனுப்ப வேண்டும் என்று விதி வைத்தது. பேச்சைத் தொடங்கும் உரிமை கிடைத்துவிட்டது.

சரி, சந்திப்பது எப்படி? பல ஹாஸ்டல்களில் இரவு 9, 10 மணிக்கெல்லாம் கேட் பூட்டிவிடுவார்கள். லேட்டானால் ஊரில் இருக்கும் அப்பாவுக்கு போன் போகும். கேட்டால் 'பாதுகாப்பு' என்பார்கள். நடப்பதோ நேர்மாறு. 'ஆபீஸ்ல ஷிஃப்ட்' என்று பொய் சொல்லிவிட்டுப் புதியவரைப் பார்க்கப் போகும் பெண், எங்கே இருக்கிறார் என்று யாருக்கும் தெரியாது. ஏதாவது தப்பாக நடந்தாலும், வீட்டுக்குத் தெரிந்துவிடுமே என்று போலீஸுக்குப் போகமாட்டார். மிரட்டுபவர்களுக்கு அந்தப் பயம்தான் மூலதனம்.

வயது வந்த இருவர் திருமணம் செய்துகொள்ளக் குடும்பத்தின் சம்மதம் தேவையில்லை என்று 'சக்தி வாஹினி' வழக்கில் 2018-லேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. வார்டன்கள் அவ்வளவு தூரம்கூட யோசிக்க வேண்டாம். 'யாரைப் பார்க்கப் போற?' என்பதற்குப் பதிலாக, 'எப்ப வருவ, திரும்பி வர வண்டி இருக்கா?' என்று கேட்டாலே போதும். உண்மையைச் சொல்லிவிட்டுக் கிளம்ப முடிந்தால்தான் அது பாதுகாப்பு.