தூக்குக்கயிறு கிஸாஸ் ஆகுமா?

கொடிய குற்றச் செய்தி வந்தால் போதும், பண்ருட்டியில் ஜுமுஆ முடிந்து நிற்கும் நாமும் "தூக்கிலிட வேண்டும், மார்க்கமே கிஸாஸ் சொல்கிறதே" என்கிறோம். பாதியைத்தான் சொல்கிறோம். கிஸாஸை விதிக்கும் அல்பகரா 178ஆம் வசனமே, கொல்லப்பட்டவரின் வாரிசுகள் மன்னிப்பதற்கும் ஈட்டுத்தொகை பெறுவதற்கும் வழி திறக்கிறது; அதனை இறைவனின் சலுகை என்றும் அருள் என்றும் கூறுகிறது. இந்நாட்டுச் சட்டத்திலோ வாரிசு மன்னித்துவிட்டார் என்பதனால் கயிறு அவிழ்வதில்லை. மன்னிப்பை நீக்கிய பின் எஞ்சுவதைக் கிஸாஸ் என்றழைக்க நமக்கு என்ன உரிமை?

மரண தண்டனைக்கு உச்ச நீதிமன்ற மேல்முறையீடு தருவது பற்றி 1949இல் அரசியல் நிர்ணய சபை விவாதித்தபோது, அத்தண்டனையையே ஒழிப்பது மேல் என்றார் அண்ணல் அம்பேத்கர். அவர் காட்டிய காரணம் அகிம்சை. நமக்கு வேறொன்றும் உண்டு. தில்லி தேசியச் சட்டப் பல்கலைக்கழகத்தின் 2016 ஆய்வின்படி, மரண தண்டனைக் கைதிகளில் ஏறத்தாழ நான்கில் மூவர் பொருளாதாரத்தில் நலிந்தவர்கள். மக்ஸூம் குலப் பெண் திருடியபோது பரிந்துரைக்க வந்த உஸாமா (ரலி) அவர்களை நபி (ஸல்) அவர்கள் கடிந்தது எதற்காக? உயர்ந்தோரை விட்டுவிட்டு எளியோரைத் தண்டித்ததால் முன்னோர் அழிந்தனர் என்றல்லவா எச்சரித்தார்கள்!

2013 பிப்ரவரி 9 அன்று அப்ஸல் குரு தூக்கிலிடப்பட்டார். அதனை அறிவிக்கும் அஞ்சல் குடும்பத்தாரை அடைந்தது அதன் பின்னரே. அன்று கலங்கிய நாம்தாம் இன்று வேறொரு வீட்டுப் பிள்ளைக்கு அதே கயிற்றைக் கேட்கிறோம்.