கரூரிலிருந்து சியோல் எவ்வளவு தூரம்?

2024 சனவரி மாதத்தில் கரூர் மாவட்டக் கிராமம் ஒன்றைச் சேர்ந்த எட்டாம் வகுப்பு மாணவியர் மூவர், வீட்டில் சொல்லாமல் புறப்பட்டார்கள். பி.டி.எஸ். என்ற கொரிய இசைக்குழுவை நேரில் காண வேண்டும் என்பது அவர்களது ஆசை. விசாகப்பட்டினம் சென்று கப்பலேறித் தென்கொரியா போவது திட்டம். கையில் சேமிப்பு 14,000 ரூபாய். ஈரோடு வழியாகச் சென்னை வரை சென்றவர்கள், முடியாது என்று உணர்ந்து திரும்பும் வழியில் காட்பாடி இரயில் நிலையத்தில் மீட்கப்பட்டார்கள்.

செய்தியைப் படித்துச் சிரித்தவர்கள் உண்டு. திருவெறும்பூரில் வாழும் நமக்குக் கரூர் தொலைவான ஊர் அல்ல. அந்தப் பிள்ளைகள் நம் பிள்ளைகளாகவும் இருந்திருக்கலாம். எனவே சற்றே சிந்திப்போம்.

திரை நமக்குப் புதிதல்ல. 1975 ஆகஸ்ட் 15-ல் சென்னைத் தொலைக்காட்சி நிலையம் தொடங்கியது. 1987-ல் இராமாயணத் தொடர் வந்தபோது, தொலைக்காட்சிப் பெட்டி இருந்த வீட்டில் தெருவே கூடியது. 1993-ல் சன் டிவி வந்தது. அன்று குடும்பமே ஒரு திரையைப் பார்த்தது. பிடிக்காததை அப்பா திட்டினார், பாட்டி கேள்வி கேட்டார். இன்று ஆளுக்கொரு திரை. பிள்ளை என்ன பார்க்கிறது என்பது கைபேசிக்குத் தெரியும், பெற்றோருக்குத் தெரியாது. ஒருமுறை பார்த்ததையே மீண்டும் மீண்டும் முன்னே வைப்பது அதன் வேலை. அதுவே அதன் வருமானம்.

அந்நியப் பண்பாடு நம்மைக் கெடுக்கிறது என்று சொல்லிவிடுவது எளிது. ஆனால் 1998-ல் ரஜினிகாந்தின் 'முத்து' திரைப்படத்தை ஜப்பானியர் கொண்டாடியபோது நாம் பெருமைப்பட்டோமே! பண்பாடுகள் எல்லை கடப்பது பாவமல்ல. 2013-ல் அறிமுகமான பி.டி.எஸ். குழு, 2018-ல் ஐக்கிய நாடுகள் அவையில் இளையோரிடம் பேசியது. உன்னை நீ நேசி என்பதே அதன் மையச் செய்தி. அதே வேளையில், அந்த அன்பு இசைத்தட்டாகவும் நுழைவுச் சீட்டாகவும் விற்கப்படும் பெரும் வணிகம் என்பதையும் மறக்கலாகாது.

நாம் கேட்க வேண்டிய கேள்வி இதுதான்: 'நீ மதிப்புள்ளவள்' என்ற சொல்லைக் கேட்க ஒரு கிராமத்துச் சிறுமி ஏன் கொரியாவரை போக வேண்டும்? அதை வீட்டில், பள்ளியில், மறைக்கல்வி வகுப்பில் அவளிடம் யாராவது சொன்னோமா? மதிப்பெண்ணைக் கேட்கிறோம், வீட்டு வேலையைச் சொல்கிறோம். அவளது ஆசையை எப்போது கேட்டோம்?

1963-ல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் வெளியிட்ட சமூகத் தொடர்புச் சாதனங்கள் பற்றிய ஆணை, இளையோர் அளவோடு பயன்படுத்தவும், பார்த்ததையும் கேட்டதையும் ஆசிரியர்களோடு கலந்து பேசவும் வலியுறுத்துகிறது. பெற்றோரின் கடமையையும் நினைவூட்டுகிறது. கைபேசி இல்லாத காலத்தில் சொன்னது, இன்றுதான் அதிகம் தேவைப்படுகிறது.

கைபேசியைப் பிடுங்குவதால் ஆசை போய்விடாது; அது மறைந்துகொள்ளும். இன்றிரவு பிள்ளையின் அருகில் அமர்ந்து, "நீ கேட்கும் பாட்டை எனக்கும் போட்டுக் காட்டு, என்ன அர்த்தம், சொல்லு" என்று கேட்போம். புரியாவிட்டாலும் முழுவதும் கேட்போம். சியோலைவிட நம் வீட்டுத் திண்ணை அவர்களுக்கு அருகில் இருக்கட்டும்.