சிறுதீ எத்தனை டிகிரி?

அமெரிக்காவின் தென்பகுதியில், மிசிசிப்பி ஆறு கடலை நெருங்கும் இடத்தில், நியூ ஆர்லியன்ஸ் என்ற துறைமுக நகரம் இருக்கிறது. பிரெஞ்சுக்காரர்கள் 1718-இல் நிறுவிய ஊர் அது. பிரெஞ்சு, ஸ்பானிய, ஆப்பிரிக்க, கரீபிய மக்களின் வழக்கங்கள் கலந்து அங்கே உருவான பண்பாட்டுக்குக் கிரியோல் என்று பெயர். அந்தக் கிரியோல் வீடுகளில் திங்கட்கிழமை என்றால் சிவப்புப் பீன்ஸும் சோறும்தான் உணவு.

ஏன் திங்கட்கிழமை? முற்காலத்தில் அது துணி துவைக்கும் நாள். அடுப்பருகே நின்று சமைக்க நேரம் கிடைக்காது. ஞாயிற்றுக்கிழமை விருந்தில் மிஞ்சிய பன்றி இறைச்சி எலும்பையும் ஊறவைத்த பீன்ஸையும் கனமான பாத்திரம் ஒன்றில் போட்டு அடுப்பில் ஏற்றிவிட்டால், துவைத்து முடிக்கும்போது குழம்பு தயாராகிவிடும். புகழ்பெற்ற டிரம்பெட் கலைஞர் லூயி ஆம்ஸ்ட்ராங் இந்த ஊர்க்காரர்தான். கடிதங்களின் முடிவில் தம் பெயருக்கு முன்னால் இந்த உணவின் பெயரையும் சேர்த்துக் கையெழுத்திடுவது அவர் வழக்கம்!

பீன்ஸ் என்றதும் நம் காராமணியை நினைத்துவிடாதீர்கள். நம் கடைகளில் ராஜ்மா என்று விற்கிறார்களே, சிறுநீரக வடிவில் கருஞ்சிவப்பாக இருக்குமே, அந்தப் பயறு. வெங்காயம், செலரித் தண்டு, குடைமிளகாய் மூன்றையும் நறுக்கி வதக்கிச் சேர்க்கிறார்கள். இந்த மூன்றும் இல்லாமல் அங்கே சமையலே தொடங்குவதில்லை. பிறகு பூண்டு, வாசனை இலை. இதற்குப் பிறகு சமையல் குறிப்புகளில் தவறாமல் வரும் ஒரு சொற்றொடர்தான் என்னை எழுதத் தூண்டியது: "சிறுதீயில் மூன்று மணி நேரம் வேகவிடவும்."

சிறுதீ என்றால் எத்தனை டிகிரி? இந்தக் கேள்வியை எந்தக் குறிப்பும் கேட்பதில்லை. தீயின் அளவு வேறு, பாத்திரத்திலுள்ள நீரின் வெப்பநிலை வேறு. முன்னது ஒரு நிமிடத்தில் எவ்வளவு வெப்பம் உள்ளே போகிறது என்பதைக் குறிக்கும். பின்னது, போன வெப்பத்திற்கும் வெளியேறிய வெப்பத்திற்கும் நடந்த இழுபறியின் முடிவு. ஒரே சிறுதீ, மூடிய சிறு பாத்திரத்தில் 100 டிகிரி செல்சியஸைக் காப்பாற்றலாம். மூடாத பெரிய பாத்திரத்தில் 80 டிகிரியைத் தாண்டாமலே நின்றுவிடலாம்.

மற்ற உணவாக இருந்தால், வேகவில்லை என்று இன்னும் சிறிது நேரம் வைப்போம், அத்துடன் போயிற்று. இந்தப் பயற்றில் அப்படி விட முடியாது. இதில் லெக்டின் வகையைச் சேர்ந்த ஒரு புரதம் நச்சாக இருக்கிறது. வேகாத நிலையில் நான்கைந்து பயறுகள் உள்ளே போனாலே போதும். ஒன்று முதல் மூன்று மணி நேரத்திற்குள் குமட்டலும் கடும் வாந்தியும் தொடங்கும், வயிற்றுப்போக்கும் வரும். உயிருக்கு ஆபத்து அரிது. சில மணி நேரத்தில் தேறிவிடுவார்கள். ஆனால் அந்தச் சில மணி நேரம் பெரும்பாடுதான். 1976-இல் பிரிட்டனில் விடுமுறைக்குச் சென்றிருந்த பள்ளி மாணவர்கள் சிலர் ஊறவைத்த பயற்றை வேகவைக்காமலே தின்று இப்படித் துன்பப்பட்டார்கள்.

இனிதான் விந்தை. நன்கு கொதிக்கும் நீர் இந்த நச்சை விரைவில் அழித்துவிடும். 80 டிகிரி வெப்பமோ அதை அழிக்காது. அதன் வீரியம் ஐந்து மடங்கு வரை கூடவும் கூடும் என்று அமெரிக்க உணவு மருந்து நிர்வாகம் எச்சரிக்கிறது. அதாவது, அரைகுறையாகச் சூடாக்கிய பயறு பச்சைப் பயற்றைவிடக் கெட்டது!

கடையில் ஸ்லோ குக்கர் என்ற மின்சாரக் கலத்தைப் பார்த்திருப்பீர்கள். 'கிராக் பாட்' என்ற பெயரில் 1971-இல் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்து பெரும் புகழ் பெற்றது. காலையில் போட்டுவிட்டு வேலைக்குப் போனால் மாலையில் உணவு தயார். திங்கட்கிழமைப் பீன்ஸுக்கென்றே செய்ததுபோல் தோன்றுகிறதல்லவா? ஆனால் இத்தகைய கலங்களில் வைத்த உணவின் உட்புறத்தை அளந்து பார்த்தபோது, பல சமயம் 75 டிகிரியைக்கூடத் தாண்டவில்லை.

"எங்கள் பாட்டி வெப்பமானியா வைத்திருந்தாள்?" என்று யாரேனும் கேட்கலாம். நல்ல கேள்வி. அந்தக் கிரியோல் பாட்டியிடமும் வெப்பமானி இல்லை. ஆனால் பயற்றை அவள் முதலில் தளதளவென்று கொதிக்கவிட்டாள்; பிறகுதான் தீயைக் குறைத்தாள். கொதிக்கும் குமிழியே அவளுக்கு வெப்பமானி. கடல் மட்டத்தில் உள்ள ஊரில் அது 100 டிகிரியைத்தான் காட்டும். நியூ ஆர்லியன்ஸோ கடல் மட்டத்தையொட்டியே கிடக்கும் ஊர். மரபில் அறிவு இருந்தது. ஆனால் அது கையில் இருந்தது, எழுத்தில் ஏறவில்லை. 'சிறுதீ, மூன்று மணி' என்பது மட்டும் எழுத்தில் ஏறியது. அடுப்பு மாறிக் கலம் மாறியபோது, எழுதப்படாத பாதி தொலைந்துபோயிற்று. ஆகவே, தீயையும் நேரத்தையும் மட்டும் சொல்லி வெப்பநிலையைச் சொல்லாத குறிப்பைப் பாதிக் குறிப்பு என்றே நான் கருதுகிறேன். இத்தகைய கலங்களை விற்பவர்கள் இந்த எச்சரிக்கையைப் பெட்டியின் மேலேயே பெரிய எழுத்தில் அச்சிட வேண்டும்.

முழுக் குறிப்பு எப்படி இருக்கும்? உலக சுகாதார நிறுவனம் சொல்வது: பயற்றைக் குறைந்தது 12 மணி நேரம் ஊறவையுங்கள், பிறகு நீரில் குறைந்தது 10 நிமிடம் நன்கு கொதிக்கவிடுங்கள். ஊறிய நீரைக் கொட்டிவிட்டுப் புதுநீர் ஊற்றுவது நல்லது. 10 நிமிடம் போதாது, 30 நிமிடம் என்கிறது மேலே சொன்ன அமெரிக்க நிர்வாகம். எரிபொருள் சற்றுக் கூடினாலும் 30 நிமிடமே என் கட்சி.

அதன்பின் தீயைக் குறைக்கலாம், குறைக்கவும் வேண்டும். இங்கே உங்கள் பாடநூலுக்கு வேலை வருகிறது. இன்று எல்லாம் ஜூல் கணக்கு. நான் பழைய கலோரியிலேயே சொல்கிறேன், மனக்கணக்குக்கு எளிது. 30 டிகிரியிலுள்ள 2 லிட்டர் நீரைக் கொதிநிலைக்குக் கொண்டுவர 140 கிலோ கலோரி வேண்டும். அதில் அரை லிட்டர் ஆவியாகப் போனால், உள்ளுறை வெப்பமாக மட்டும் 270 கிலோ கலோரி போய்விடும். கொதிக்கவைக்கச் செலவானதைப் போல் ஏறத்தாழ இரண்டு மடங்கு! இவ்வளவு செலவிட்டும் பயறு ஒரு டிகிரிகூட அதிகமாகச் சூடாவதில்லை. பெருந்தீயில் கொதித்தாலும் சிறுதீயில் கொதித்தாலும் நீர் 100 டிகிரிதான். குமிழி நிற்காத அளவுக்குக் குறைத்து, மூடி வையுங்கள். 'உள்ளுறை வெப்பம், வரையறு' என்று தேர்வில் கேட்கிறோம். நீங்களும் பிழையின்றி ஒப்பிக்கிறீர்கள். அதே மாணவர் வீட்டில், குழம்பு கொதித்த பிறகும் சீக்கிரம் வேகட்டும் என்று தீயைக் கூட்டுகிறார்.

உதகமண்டலத்தில் இதைப் படிப்பவர்களுக்கு ஒரு சொல். அங்கே காற்றழுத்தம் குறைவு. நீர் 92, 93 டிகிரியிலேயே கொதித்துவிடும். அங்கே குமிழி சொல்லும் செய்தி வேறு. உங்களுக்கு பிரஷர் குக்கரே துணை. 1679-இல் டெனி பாப்பன் என்பவர் லண்டன் ராயல் கழகத்தில் காட்டிய கலத்தின் வழிவந்தது அது. அழுத்தத்தைக் கூட்டிக் கொதிநிலையை 120 டிகிரி வரை உயர்த்துகிறது.

சமைத்துப் பார்க்க விரும்பினால் வீட்டில் பெரியவர்கள் துணையோடு செய்யுங்கள். பையன்களுக்கும் சேர்த்தே சொல்கிறேன். பள்ளியிலுள்ள பாதரச வெப்பமானியைக் குழம்பில் விட்டுவிடாதீர்கள். உடைந்தால் பயற்றின் நச்சைவிடப் பெரிய தொல்லை. இறைச்சி வேண்டாதவர்கள் விட்டுவிடலாம். தக்காளி, புளி போன்ற புளிப்புப் பொருளை முதலில் சேர்த்தால் பயற்றின் தோல் எளிதில் மெத்தாகாது. முக்கால்வாசி வெந்ததும் ஒரு கரண்டிப் பயற்றைப் பாத்திரத்தின் பக்கத்தில் வைத்து மசியுங்கள். மாவுப்பொருள் கரைந்து குழம்பு கெட்டியாகும். கெட்டியானால் வெப்பச்சலனம் தளர்ந்துவிடும். அடியிலுள்ளது மேலே வராமல் அங்கேயே கருகும். ஆகவே கடைசி அரை மணி நேரம் மட்டும் அடுப்பருகே நின்று அடியைக் கிளறிக்கொடுங்கள். அதற்குள் இன்னொரு அடுப்பில் சோறு வடித்துவிடலாம்.