காலத்தை நிறுத்தும் கனி

அதியமான் அரிதில் பெற்ற நெல்லிக்கனியைத் தான் உண்ணாமல் ஔவையாருக்குக் கொடுத்த கதையைக் கேட்டு வளராத தமிழ்ப் பிள்ளை இல்லை. உண்டவரை நெடுங்காலம் வாழவைக்கும் கனி அது. அந்தக் கொடையை ஔவையார் பாடியது புறநானூற்றில் 91ஆம் பாடலாக இருக்கிறது. வடநாட்டு மக்களிடமும் இதற்கு இணையான ஒரு பழங்கதை உண்டு. இடுன் என்ற தேவதை வைத்திருந்த அப்பிள் பழங்களை உண்டுதான் அவர்களுடைய தேவர்கள் முதுமை அடையாமல் இருந்தார்களாம். ஓர் அரக்கன் இடுனைக் கவர்ந்து சென்றதும் தேவர்களுக்கு நரை விழுந்தது. அவள் மீண்டு வந்த பிறகே இளமையும் திரும்பியது.

சித்தர்கள் சொன்ன காயகற்பமும் இந்த வரிசையில் சேர்ந்ததே. காலத்தைப் பிடித்து நிறுத்தும் ஒரு பொருள் எங்கேயோ இருக்கிறது என்ற ஆசை எல்லா நாட்டாருக்கும் பொதுவானது. ஆசையில் குற்றமில்லை. அது ஒரு சிறு டப்பாவில் அடைபட்டு, ஊரிலிருந்து வருபவரின் பயணப்பெட்டியில் ஹ்விடோவ்ரே வரை வந்து சேரும்போதுதான் சங்கடம் தொடங்குகிறது. “இது காயகற்பம். சீனி வருத்தம் அடியோடு போய்விடும். ஊசியை விட்டுவிடலாம்” என்று சொல்லி அன்போடு கொடுப்பார்கள். வாங்குபவரும் அன்போடு வாங்கிக்கொள்வார்.

டப்பாவுக்குள் என்ன இருக்கிறது என்பது இருவருக்கும் தெரியாது. அமெரிக்காவின் பொஸ்டன் நகரக் கடைகளில் விற்கப்பட்ட 70 ஆயுர்வேத மருந்துகளை ஆய்வாளர்கள் சோதித்து, 2004இல் முடிவை வெளியிட்டார்கள். அவற்றில் 14 மருந்துகளில் ஈயம், பாதரசம், ஆர்செனிக் ஆகியவற்றுள் ஒன்றோ பலவோ கலந்திருந்தன. ஈயம் இரத்தசோகையையும் வயிற்றுவலியையும் நரம்புத் தளர்ச்சியையும் கொண்டுவரும். பாதரசம் சிறுநீரகத்தைக் கெடுக்கும். சீனி வருத்தத்தால் ஏற்கெனவே களைத்துப்போன சிறுநீரகத்துக்கு இது இரட்டிப்புச் சுமை.

காலத்தைக் கூட்டிக் கொடுக்கும் மருந்தே உலகில் இல்லையா? ஒன்று உண்டு. அதற்கும் டென்மார்க்குக்கும் நெருங்கிய தொடர்பு உண்டு. இன்சுலின் வருவதற்கு முன், குழந்தைப் பருவத்தில் சீனி வருத்தம் கண்டவர்கள் பெரும்பாலும் ஓரிரு ஆண்டுகளில் இறந்துபோனார்கள். 1922 ஜனவரியில் கனடாவின் டொரொன்டோவில் லெனார்ட் தொம்சன் என்ற 14 வயதுச் சிறுவனுக்கு முதன்முதலில் இன்சுலின் ஏற்றப்பட்டது. மரணத்தின் வாசலில் கிடந்த அந்தப் பிள்ளை மேலும் 13 ஆண்டுகள் வாழ்ந்தான்.

அந்த ஆண்டிலேயே, 1920இல் நோபல் பரிசு பெற்ற டேனிஷ் விஞ்ஞானி ஓகுஸ்ட் குரோக் அமெரிக்காவுக்குப் போயிருந்தார். அவருடைய மனைவி மரீ குரோக் ஒரு வைத்தியர். அவருக்கே சீனி வருத்தமும் இருந்தது. அவருடைய தூண்டுதலால்தான் குரோக் டொரொன்டோவுக்குச் சென்று, இன்சுலின் தயாரிக்கும் அனுமதியோடு நாடு திரும்பினார். ஹான்ஸ் கிறிஸ்டியன் ஹாகெடோர்ன் என்ற வைத்தியரும் அவரோடு சேர்ந்தார். 1923இல் டேனிஷ் நோயாளருக்கு இன்சுலின் கிடைத்தது. மரீ 1943 வரை வாழ்ந்தார்.

அந்த நாளைய இன்சுலின் சில மணி நேரமே வேலை செய்யும். நாளுக்குப் பல ஊசிகள் தேவைப்பட்டன. ஹாகெடோர்ன் ஆண் மீனின் விந்திலிருந்து எடுக்கப்படும் புரோட்டமின் என்ற புரதத்தை இன்சுலினோடு சேர்த்துப் பார்த்தார். கலவை தோலின் கீழ் மெல்ல மெல்லக் கரைந்தது; இன்சுலினின் நேரமும் நீண்டது. 1936இல் இது வெளியாயிற்று. இப்போதும் பயன்படும் என்.பி.எச். இன்சுலினின் பெயரில் உள்ள கடைசி எழுத்து ஹாகெடோர்னைக் குறிக்கிறது. கதைகளில் வரும் கனி செய்யாததை இந்த மீன் புரதம் செய்தது.

முற்காலத்தில் இன்சுலின் பன்றி, மாடு ஆகியவற்றின் கணையத்திலிருந்து எடுக்கப்பட்டது. அதனால் தயங்கிய அன்பர்கள் உண்டு. இன்று டென்மார்க்கில் வழங்கப்படும் இன்சுலின் ஈஸ்ட், பாக்டீரியா போன்ற நுண்ணுயிர்களைக் கொண்டு தயாரிக்கப்படுகிறது. அந்தத் தயக்கம் இனித் தேவையில்லை.

இன்னொரு தயக்கம்தான் அதிக உயிர்களைக் குடிக்கிறது. “இன்சுலின் தொடங்கினால் முடிவு வந்துவிட்டது என்று அர்த்தம்” என்ற பேச்சு கலியாண வீட்டிலும் கோயில் மண்டபத்திலும் கேட்கிறது. கண் மங்குவதும் கால் புண்ணாவதும் சிறுநீரகம் பழுதாவதும் இன்சுலினால் அல்ல. பல ஆண்டுகள் கட்டுப்படாமல் இருந்த சீனியால் வருவன அவை. பயந்து பயந்து ஊசியைத் தள்ளிப்போட்டவருக்கு, ஊசி தொடங்கும்போது அந்தக் கேடுகள் வந்துவிட்டிருக்கும். பழி மட்டும் ஊசியின் மேல் விழும்.

ஆகவே அன்பர்கள் கவனிக்க வேண்டியவை சில. ஊர்த் தூள் எதையாவது உட்கொண்டால் அதை ஒளிக்காமல், டப்பாவோடு குடும்ப வைத்தியரிடம் கொண்டுபோய்க் காட்டுங்கள். அவர் கோபித்துக்கொள்வார் என்று அஞ்ச வேண்டாம். தேவையானால் இரத்தத்தில் ஈயம் இருக்கிறதா என்று சோதிக்க ஏற்பாடு செய்வார். இன்சுலினையோ மாத்திரையையோ ஒருபோதும் தாமாக நிறுத்த வேண்டாம். சிறு வயதிலேயே இந்த வருத்தம் வந்தவர்களுக்கு இன்சுலின் சில நாள் நின்றாலே உயிருக்கு ஆபத்து.

கந்தசஷ்டி போன்ற விரதங்களை நோற்க விரும்புவோர் முன்கூட்டியே வைத்தியரோடு பேசி அளவை மாற்றிக்கொள்ளட்டும். உண்ணாமல் வழக்கமான அளவு ஊசி போட்டால் சீனி மிகவும் குறைந்துவிடும். வியர்வை, நடுக்கம், தடுமாற்றம் கண்டால் உடனே சீனி கரைத்த தண்ணீர் குடிக்க வேண்டும். உயிரைக் காப்பதற்காக விரதத்தை முறிப்பதை முருகப்பெருமான் குற்றமாகக் கொள்ளமாட்டார்.

நெல்லிக்காய் நல்ல காய். கிடைத்தால் சாப்பிடலாம். ஊசிக்குப் பதிலாக அதை வைக்க வேண்டாம்.

அடுத்த இதழில்: சீனி வருத்தக்காரர் பாதங்களைப் பேணும் முறை.