மீண்டும் தொடங்கலாம், சேர்த்ததை இழக்க வேண்டாம்

தோல்வி எல்லோருக்கும் வருகிறது. பரீட்சையில் வருகிறது. தொழிலில் வருகிறது. அரசர்களுக்குக்கூட வருகிறது. தோற்றவர் மீண்டும் தொடங்க வேண்டியதுதான். வேறு வழி இல்லை.

ஆனால், தொடங்குவதில் இரண்டு வகை உண்டு.

ஒருவர், "எல்லாம் போயிற்று!" என்று கையை உதறுகிறார். பழையதை எல்லாம் குப்பையில் போட்டுவிட்டு, பூஜ்யத்தில் இருந்து தொடங்குகிறார்.

இன்னொருவர், "எது போயிற்று? எது மிஞ்சி இருக்கிறது?" என்று கணக்குப் பார்க்கிறார். மிஞ்சியதை மடியில் முடிந்துகொண்டு தொடங்குகிறார்.

இருவரும் உழைப்பாளிகள்தான். ஆனால், இரண்டாமவர் பாதி வழியை முன்பே கடந்துவிட்டார்!

இந்த வித்தியாசம் இன்றைய சிறுவர்களுக்கு நன்றாகத் தெரியும். அதை அவர்களுக்குக் கற்றுக் கொடுத்தது வீடியோ கேம்.

விளையாட்டில் ஒரு பாடம்

1978-ம் ஆண்டில், ஜப்பானில் "ஸ்பேஸ் இன்வேடர்ஸ்" என்ற வீடியோ விளையாட்டு வந்தது. மேலே இருந்து வரிசை வரிசையாகப் பகைவர்கள் இறங்கி வருவார்கள். அவர்களைச் சுட வேண்டும். காசு போட்டு ஆடும் ஆட்டம் அது. தோற்றால் ஆட்டம் முடிந்தது. மறுபடி காசு போட்டால், மறுபடி முதலில் இருந்துதான் ஆட வேண்டும். ஒரு மணி நேரம் ஆடி இருந்தாலும் சரி, அந்த உழைப்புக்குக் கணக்கு இல்லை.

பிறகு ஒரு மாறுதல் வந்தது. 1986-ல் அதே ஜப்பானில் "ஸெல்டா" என்ற விளையாட்டு வெளிவந்தது. அதில், ஆடியவரை பதிந்து வைக்கலாம். மறுநாள் விட்ட இடத்தில் இருந்து தொடரலாம். 1987-ல் அந்த விளையாட்டு அமெரிக்காவுக்குப் போனது. அங்கே விற்ற ஆட்டப் பெட்டிக்குள் ஒரு சிறு பாட்டரி இருந்தது. மின்சாரத்தை நிறுத்தினாலும், சிறுவன் பெற்றதை அந்தப் பாட்டரி காப்பாற்றி வைத்தது.

1995-ல் "க்ரோனோ டிரிக்கர்" என்ற விளையாட்டு இன்னும் ஒரு படி மேலே போனது. கதையை முழுவதும் ஆடி முடித்தவர், முதலில் இருந்து மறுபடி தொடங்கலாம். கதை ஆரம்பத்துக்குப் போய்விடும். ஆனால், வீரன் பெற்ற பலம் போகாது. அவன் தேடிச் சேர்த்த ஆயுதங்களும் கூடவே வரும்.

தொடக்கம் புதிது, பலம் பழையது!

இது ஏதோ புதிய சாமர்த்தியம் என்று நினைக்க வேண்டாம். தென்காசிக்குப் போனால், இந்தச் சாமர்த்தியம் வானளாவ எழுந்து நிற்பதைப் பார்க்கலாம்.

மதுரையை இழந்தவர்கள்

பாண்டியர்களின் தலைநகர் மதுரை. அரச குடும்பத்திலே அண்ணன் தம்பி சண்டை மூண்டது. அந்த நேரத்தில், 1311-ம் ஆண்டில், மாலிக் கபூரின் படை வந்து மதுரையைச் சூறையாடியது. பின்னர் அங்கே சுல்தான்களின் ஆட்சி ஏற்பட்டது. அதற்குப் பின் விஜயநகரத்தார் வந்தார்கள்.

பாண்டியர்கள் தெற்கே நகர்ந்தார்கள். குற்றால மலைச் சாரலில், சிற்றாற்றின் கரையில் உள்ள தென்காசி அவர்களுடைய ஊர் ஆயிற்று.

நாடு சிறுத்துவிட்டது. படை குறைந்துவிட்டது. மதுரை கையில் இல்லை. ஆனாலும், அவர்கள் பூஜ்யத்தில் இருந்து தொடங்கவில்லை. பாண்டியர் என்ற பெயரை விடவில்லை. முன்னோர் சூடிய மாறவர்மன், சடையவர்மன் என்ற பட்டங்களை விடவில்லை. கோவில் கட்டும் கலையை விடவில்லை. எல்லாவற்றுக்கும் மேலாக, தமிழை விடவில்லை.

இதன் பலன் என்ன? 16-ம் நூற்றாண்டில் அதிவீரராம பாண்டியர் இந்தப் பரம்பரையில் வந்தார். "நைடதம்" பாடினார். சிறு பிள்ளைகளுக்காக "வெற்றி வேற்கை" எழுதினார். அவருடைய முன்னோர் மதுரையை இழந்து இருநூறு ஆண்டுகளுக்கு மேல் ஆகி இருந்தது. நகரம் போனது, தமிழ் போகவில்லை!

தெற்கே ஒரு காசி

தென்காசிக் கோவிலைக் கட்டியவர் பராக்கிரம பாண்டியர். 15-ம் நூற்றாண்டில் ஆண்டவர். அவருடைய கனவில் இறைவன் தோன்றி, எறும்புகள் ஊர்ந்து செல்லும் வழியே போய், அது முடியும் இடத்தில் கோவில் கட்டச் சொன்னார் என்று ஊரார் கதை சொல்வார்கள். காசி வெகு தூரம். எல்லோராலும் போக முடியாது. ஆகவே, காசியே தெற்கே வந்தது என்பது மக்களின் நம்பிக்கை.

1446-ம் ஆண்டில் கோவில் வேலை தொடங்கியது. பிறகு கோபுரம் எழும்பத் தொடங்கியது. அதை முடிக்கும் முன்பே மன்னரின் காலம் முடிந்துவிட்டது. அவருடைய தம்பி குலசேகர பாண்டியர் அந்த வேலையை ஏற்று முடித்தார்.

தம்பி என்ன செய்தார் என்று கவனிக்க வேண்டும். "இது அண்ணன் கட்டியது. நான் வேறு ஒன்று கட்டுகிறேன்" என்று அவர் சொல்லவில்லை. அண்ணன் விட்ட கல்லின் மேல் அடுத்த கல்லை வைத்தார்.

மன்னர் விழுந்து வணங்கினார்

பராக்கிரம பாண்டியர் அந்தக் கோவிலில் ஒரு வேண்டுகோளைக் கல்லிலே வெட்டி வைத்திருக்கிறார். பாட்டாக உள்ள அந்தக் கல்வெட்டின் கருத்து இதுதான்: பிற்காலத்தில் இந்தக் கோவிலுக்குக் குறை நேரலாம். அப்போது யார் அதைத் திருத்திச் செப்பனிடுகிறாரோ, அவருடைய காலில் இப்போதே விழுந்து வணங்குகிறேன்.

எவ்வளவு பெரிய மனம்! முடி சூடிய மன்னர், இன்னும் பிறக்காத யாரோ ஒருவரின் காலில் விழுகிறார். "நான் கட்டியது என்றும் அழியாது" என்று அவர் மார் தட்டவில்லை. அழியும் என்று அவருக்குத் தெரியும். ஏனென்றால், மதுரையை இழந்த குலத்தில் பிறந்தவர் அவர். தன் வேலை அத்தோடு தொலைந்துவிடக் கூடாது, அடுத்தவர் அதில் இருந்து தொடர வேண்டும் என்பதே அவருடைய கவலை.

அவர் பயந்தபடியே நடந்தது. பிற்காலத்தில் கோபுரம் சிதைந்தது. நூறு ஆண்டுகளுக்கு மேல் அது மொட்டைக் கோபுரமாகவே நின்றது. ஆனால், சந்நிதியில் வழிபாடு நிற்கவில்லை. கல்வெட்டு அழியவில்லை. கோபுரம் இருந்த இடத்தை ஊர் மறக்கவில்லை. கடைசியில், பொதுமக்கள் பணம் கொடுத்தார்கள். ஒன்பது நிலைகளோடு, சுமார் 180 அடி உயரத்தில் கோபுரம் மீண்டும் எழுந்தது. 1990-ம் ஆண்டில் குடமுழுக்கு நடந்தது.

இடிந்தது கோபுரம் மட்டுமே, கோவில் அல்ல. இந்த வேற்றுமையை ஊரார் அறிந்திருந்தார்கள். அதனால்தான் மீண்டும் கட்ட முடிந்தது.

நாலு பாடம் போகவில்லையே!

இந்த வேற்றுமை பல வீடுகளில் மறந்து போகிறது.

பத்தாம் வகுப்புப் பரீட்சை முடிவு வருகிறது. ஐந்து பாடங்களில் பெண் நாலில் தேறிவிட்டாள். கணக்கில் மட்டும் 35 மார்க் வரவில்லை. உடனே வீட்டில் ஒப்பாரி! "இவளுக்குப் படிப்பு வராது" என்று தகப்பனார் தீர்ப்புச் சொல்லிவிடுகிறார். புத்தகங்கள் பழைய பேப்பர் கடைக்குப் போகின்றன. பெண்ணின் மடியில் பீடித் தட்டு ஏறுகிறது. அல்லது, கழுத்தில் தாலி ஏறுகிறது.

அவள் தோற்றது ஒரு பாடத்தில். தேறியது நாலு பாடத்தில். அந்த நாலும் அவளுடைய சொத்து. அதை யாரும் பறிக்க முடியாது. சில வாரங்களிலேயே துணைத் தேர்வு வருகிறது. அதில் தேறாத பாடத்தை மட்டும் எழுதினால் போதும். மற்ற நாலையும் மறுபடி எழுத வேண்டியதில்லை.

அரசாங்கம் அவளுடைய நாலு பாடத்தைப் பத்திரமாக வைத்திருக்கிறது. பெற்றவர்கள்தான் அதைத் தூக்கி எறிகிறார்கள்!

படிப்பை நிறுத்திச் சில ஆண்டுகள் ஆனவர்களுக்கும் வழி உண்டு. மத்திய அரசின் தேசியத் திறந்தநிலைப் பள்ளி 1989-ல் ஏற்பட்டது. அதில் சேர்ந்தால், ஐந்து ஆண்டுகளுக்குள் ஒவ்வொரு பாடமாக எழுதித் தேறலாம். வேறு பள்ளித் தேர்வில் முன்பே தேறிய பாடங்களில் இரண்டு வரை அங்கே கணக்கில் சேர்த்துக்கொள்ளவும் விதி இருக்கிறது. வயது ஆகிவிட்டதே என்று வெட்கப்பட வேண்டியதில்லை.

உழைத்த ஆண்டுகளும் சொத்துதான்

தென்காசி வட்டாரத்தில் பீடி சுற்றும் பெண்கள் ஏராளம். அவர்களுக்குச் சேமநல நிதி உண்டு. ஆலைகளில், கடைகளில், வெளியூர்களில் வேலை செய்யும் பிள்ளைகளுக்கும் உண்டு. வேலை மாறும்போது பலர் ஒரு தவறு செய்கிறார்கள். பழைய கணக்கில் உள்ளதை வழித்து எடுத்துச் செலவு செய்துவிடுகிறார்கள்.

கைச் செலவுக்கு அது இனிக்கும். ஆனால், நஷ்டம் எங்கே என்று பார்க்க வேண்டும். அந்த நிதியில் ஓய்வூதியம் பெறப் பத்து ஆண்டு சேவை வேண்டும். ஒரு பெண் ஓர் இடத்தில் ஏழு ஆண்டு உழைத்தாள். பிறகு வேறு இடத்தில் மூன்று ஆண்டு உழைத்தாள். பழைய கணக்கைப் புதிய இடத்துக்கு மாற்றிக்கொண்டால், ஏழும் மூன்றும் பத்து. ஓய்வூதியத்துக்குத் தகுதி வந்துவிட்டது. ஓய்வூதியப் பங்கையும் சேர்த்து எடுத்துவிட்டால், அந்த ஏழு ஆண்டு கணக்கில் இல்லை. மூன்று மட்டும்தான் மிச்சம்!

2014 முதல் ஒவ்வொரு தொழிலாளிக்கும் 12 இலக்கம் கொண்ட ஒரே எண் கொடுக்கப்படுகிறது. முதலாளி மாறினாலும் அந்த எண் மாறாது. சோற்றுக்கே வழி இல்லாத கஷ்டம் என்றால், எடுத்துத்தான் ஆக வேண்டும். அதைக் குறை சொல்ல முடியாது. ஆனால், சும்மா கிடக்கிறதே என்று எடுப்பது, உழைத்த ஆண்டுகளை ஆற்றிலே கரைப்பதாகும்.

எதை விடுவது? எதை வைப்பது?

எல்லாவற்றையும் கட்டிக்கொண்டு அழ வேண்டும் என்பது இதன் பொருள் அல்ல. விட வேண்டியதும் உண்டு. பாண்டியர்கள் மதுரை அரண்மனையை விட்டார்கள். தோற்றவர் வீண் பெருமையை விட வேண்டும். கெட்ட சேர்க்கையை விட வேண்டும். "ஊரார் என்ன சொல்வார்களோ" என்ற பயத்தையும் விட வேண்டும்.

வைத்துக்கொள்ள வேண்டியவை வேறு. கற்ற கல்வி, பழகிய தொழில், நல்ல பெயர், உழைத்ததற்கான சான்று. இவை நான்கும் அடுத்த தொடக்கத்துக்கு முதல்.

சான்று இல்லாவிட்டால், உள்ளதும் இல்லாதது ஆகிவிடும். செல்போனில் ஆடும் சிறுவனுக்கு இது தெரியும். பல விளையாட்டுகளில், பெயர் பதியாமல் விருந்தாளியாக ஆடினால், போன் கெட்டவுடன் எல்லாம் போய்விடும். கணக்குத் தொடங்கிப் பதிந்து வைத்தவன், வேறு போனிலும் விட்ட இடத்தில் இருந்து ஆடுவான்.

விளையாட்டுக்கே இவ்வளவு எச்சரிக்கை என்றால், வாழ்க்கைக்கு எவ்வளவு வேண்டும்? மார்க் பட்டியல், பள்ளி மாற்றுச் சான்றிதழ், சேமநல நிதி எண் ஆகியவற்றை ஒரே இடத்தில் பத்திரமாக வைக்க வேண்டும். ஒவ்வொன்றுக்கும் ஒரு நகல் வேண்டும். 2015-ல் மத்திய அரசு "டிஜிலாக்கர்" என்ற வசதியைக் கொண்டு வந்தது. வீடு ஒழுகினாலும், பெட்டியில் கரையான் அரித்தாலும், அதில் உள்ள சான்றிதழ் அழியாது.

சான்றிதழைப் பெட்டி காக்கும். மனத்தை யார் காப்பது? அது குடும்பத்தின் வேலை. தோற்றுவிட்டு வீட்டுக்கு வரும் பிள்ளையிடம் முதலில் கேட்க வேண்டிய கேள்வி, "எதில் போயிற்று?" என்பது அல்ல. "எதில் எல்லாம் தேறினாய்?" என்பதுதான். அந்தக் கேள்வியைக் கேட்ட வீட்டில், பிள்ளை மறுநாளே புத்தகத்தை எடுக்கும்.

இடிந்ததைச் செப்பனிடுகிறவரின் காலில் ஒரு மன்னர் விழுந்து வணங்கினார். செப்பனிடும் வேலை அவ்வளவு பெரியது. அந்த வேலையை ஒவ்வொரு தாயும் தகப்பனும் தங்கள் வீட்டிலேயே செய்யலாம்.