சங்கத்துப் பணம் வராவிட்டால்...

"கூட்டுறவுப் பண்டகசாலையில் 28 வருஷம் எடை போட்டவர் அக்கா. காலமாகி ஒன்றரை வருஷமாச்சு, கிராஜுவிட்டி தரமாட்டேங்கறாங்க. ஹைகோர்ட்டில் ரிட் போட்டுடலாமா?" என்று கேட்டாள் எங்கள் தெருப் பெண் ஒருத்தி. வளையலை அடகு வைத்து வக்கீலிடம் ஓடும் முன் கேளுங்கள், சகோதரிகளே!

அதிகாரி வந்து கணக்குப் பார்ப்பதாலேயே சங்கம் அரசாங்கம் ஆகிவிடாது. அப்படிப்பட்ட சங்கத்தின் மேல், சட்டம் சுமத்திய பொதுக் கடமையைத் தட்டிக் கழித்தால்தான் ரிட் என்று 2006-ல் சென்னை உயர் நீதிமன்றத்தில் ஐந்து நீதிபதிகள் கூடிச் சொல்லிவிட்டார்கள். சாதாரணப் பாக்கிக்குப் போனால், "வேறு வாசல் இருக்கிறதே" என்று திருப்பிவிடுவதுதான் வழக்கம்.

கிராஜுவிட்டிக்கு அந்த வாசல் தொழிலாளர் துறை. வேலையிலிருக்கும்போதே இறந்தவருக்கு ஐந்து வருஷ சர்வீஸ் என்ற நிபந்தனைகூடக் கிடையாது. வருஷத்துக்கு 15 நாள் சம்பளம். 30 நாளுக்குள் தரவேண்டும், தாமதித்தால் வட்டியும் உண்டு. உறுப்பினர் போட்ட டெபாசிட் என்றால், 1983-ம் வருஷத் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கச் சட்டம் 90-வது பிரிவின்படி பதிவாளரிடம் போகணும்.

அவரும் மனுவை வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்தால்? அவர் அரசு அதிகாரியாச்சே! முடிவெடுக்கச் சொல்லித் தாராளமாய் ரிட் போடலாம். மனு கொடுத்த ரசீதை மட்டும் அரிசி டப்பாவுக்குள் போட்டு மறந்துவிடாதீர்கள்.